வாசலில் வெந்நீர்

அந்த மரத்தொட்டி இருக்க வேண்டிய இடம் பன்றிக் கொட்டில். ஒரு வருடமாக அதில் கழிவுக் கஞ்சிதான் ஊற்றி வந்தார்கள். இன்று காலை அது கோட்டைக் கூடத்து வாசற்படிக்குப் பக்கத்தில் இருந்தது. இரும்புப் பட்டைகளைத் துலக்கி, விளிம்பைத் தேய்த்துக் கழுவி, யாரோ கொண்டுவந்து வைத்திருந்தார்கள். தொட்டி நிறைய வெந்நீர். மூடுபனிக்குள் அதன் ஆவி தனியாக ஏறிக்கொண்டிருந்தது.

ஓஸ்பெர்ட் அதைப் பார்த்ததும் முதலில் கோபப்பட்டான். முப்பது வருடம் வாசல் காத்தவன். வாசலில் ஒரு துரும்பு இடம் மாறினாலும் அவனுக்குத் தெரியாமல் மாறக் கூடாது. எட்டி ஒரு உதை விட்டான். தொட்டி கவிழ்ந்தது, தண்ணீர் படியில் வழிந்து முற்றத்துச் சேற்றில் இறங்கியது. உதைத்த காலில் வெதுவெதுப்பு ஒட்டிக்கொண்டது. அதன் பிறகுதான் பயம் வந்தது.

ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் வேல்ஸ்காரர்களின் வீடுகளில் ஒரு வழக்கம் உண்டு. வந்தவன் வாசலில் ஆயுதத்தைக் கொடுத்துவிட வேண்டும். வீட்டார் தண்ணீர் கொண்டுவந்து வைப்பார்கள். வந்தவன் கால் கழுவ வேண்டாம் என்றால் ஒரு வாய் குடித்துவிட்டு வழியோடு போகிற ஆள். காலைக் கழுவ விட்டானென்றால் அவன் விருந்தாளி. அந்த நொடியிலிருந்து அவன் உயிர் அவன் கையில் இல்லை, தண்ணீர் வைத்தவன் கையில். இதை ஹாமோ பிரபுவுக்கு ஒரு குளிர்காலத்தில் பேச்சுவாக்கில் சொன்னவன் ஓஸ்பெர்ட்தான். சொல்லாமல் இருந்திருக்கலாம். வாய் சும்மா இருந்ததா?

ஹாமோவின் ராமில் வம்சம் இந்த எல்லைச் சீமைக்கு வந்து மூன்று தலைமுறை ஆகிறது. தாத்தன் வந்து மண்மேடு எழுப்பி மரக்கோபுரம் கட்டினான். அப்பன் அதைக் கல்லாக்கினான். ஹாமோ கட்டியது ஒன்றுமில்லை. அரசனின் சட்டம் இந்த ஆற்றங்கரை வரை வருவதில்லை, ஹாமோ காலையில் என்ன சொல்கிறானோ அதுதான் மாலை வரை சட்டம். போன வருடம் இதே நாளில், குளிர்காலத்துக்கு மாடு அறுக்கும் மார்ட்டின் திருநாளில், சமாதானம் பேச வாருங்கள் என்று அக்கரைப் பெரிய மனிதர்கள் பன்னிரண்டு பேரை விருந்துக்கு அழைத்தான். ஓஸ்பெர்ட் வாசலில் நின்று அவர்கள் மொழியிலேயே வரவேற்று ஈட்டிகளை வாங்கிக்கொண்டான். அவன் மனைவி ஹுனித் இந்தத் தொட்டியை வைத்துக் கால் கழுவினாள். அவளும் அக்கரையில் பிறந்தவள். ஒன்பதாவதாக வந்தவன் அவள் உடன்பிறந்த தம்பி காடெல். தன் காலை அவள் கழுவும்போது அவன் கூச்சம் தாளாமல் சிரித்தான்.

உள்ளே போனார்கள். உள்பக்கம் தாழ் விழுந்தது. ஓஸ்பெர்ட் பன்னிரண்டு ஈட்டிகளைக் கட்டி அணைத்துக்கொண்டு வெளியே நின்றான். பலகைகள் புரளும் சத்தம் கேட்டது. பிறகு மற்றதெல்லாம் கேட்டது. "மச்சான், கதவைத் திற" என்று காடெல் கத்தியது மூன்று முறை கேட்டது. சமையற்கட்டுப் பக்கம் ஒரு சின்னக் கதவு இருந்தது. அது தாழிடாத கதவு. ஓஸ்பெர்ட்டுக்கு அது தெரியும்.

அவன் போகவில்லை.

ஹாமோவின் மனைவி மறுநாளே தாய்வீட்டுக்குப் போனவள் திரும்பவில்லை. ஹாமோ கோயிலுக்கு ஒரு வெள்ளி விளக்கு கொடுத்தான், பாதிரியார் கையைத் தூக்கி மன்னித்துவிட்டார். பன்னிரண்டு ஈட்டிகளும் கூடத்துச் சுவரில் ஆணியில் தொங்கின. ஹாமோ அவற்றுக்குக் கீழே உட்கார்ந்துதான் சாப்பிடுவான்.

தொட்டியைத் தூக்கிக்கொண்டு பன்றிக் கொட்டிலுக்குப் போகும் வழியில் ஹாமோ குதிரை மேல் எதிரே வந்தான். மகன் வாரினும் நான்கு வீரர்களும் பின்னால். பன்றி வேட்டைக்குப் புறப்பாடு.

"டேய் கிழவா, அதை ஏன்டா தூக்கிட்டு அலையிறே? நல்லாக் கழுவி வை. அடுத்த ஞாயிறு வேலை இருக்கு."

"என்ன வேலை எசமான்?"

"செத்தவனுங்க பிள்ளைங்க வளந்துட்டானுங்களாம். மீசையை முறுக்கிட்டுத் திரியிறானுங்களாம். கூப்பிட்டு ஒரு சாப்பாடு போட்டுருவோம்." வாரின் சிரித்தான். அப்பனும் சிரித்தான். "நீ வாசல்ல நில்லு. உன் பொண்டாட்டி கால் கழுவட்டும். அவ கழுவினாத்தான் நம்புவானுங்க."

"அவளால முடியாது எசமான். நாங்க ரெண்டு பேரும் போயிடறோம். வயசாச்சு. விட்டுருங்க."

"எங்க போவே? நீ என் மண்ணு. உன் பொண்டாட்டி என் மண்ணு. ஆத்தைத் தாண்டினா காலை வெட்டிருவேன். அப்புறம் கழுவறதுக்கே ஒண்ணும் இருக்காது, பாத்துக்க."

ஆறு பேரும் சிரித்துக்கொண்டே பனிக்குள் போனார்கள். ஓஸ்பெர்ட் பல்லைக் கடித்தபடி நின்றான். கடைவாய்ப் பல் ஒன்று ஆடுவது நாக்கில் தெரிந்தது.

ஹுனித் அடுப்படியில் வெங்காயத் தாளை நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"தொட்டியை நீயா வச்சே?"

"நான் அதைத் தொட்டு ஒரு வருஷம் ஆச்சு."

"வேற யாரு வச்சா?"

"வாசல்காரன் நீ. என்னைக் கேக்குறே."

"இந்தா பாரு, கோவத்தை அப்புறம் வச்சுக்க. இன்னைக்குச் சாயங்காலம் அவனுங்க களைச்சு வருவானுங்க. குடிச்சிட்டுப் படுத்ததும் நாம கிளம்பிடலாம். உன்னை உங்க ஆளுங்ககிட்டச் சேத்துட்டா எனக்குப் போதும். அப்புறம் நான் எக்கேடு கெட்டாலும் சரி."

அவள் கத்தியை வைத்தாள். "எங்க ஆளுங்க கிட்டயா? எந்த முகத்தோட? ஒன்பதாவது ஜோடிக் காலைத் துடைச்ச துணி இன்னும் என்கிட்ட இருக்குய்யா."

அவன் முற்றத்துக்கு இறங்கினான்.

நடுப்பகலில் பனி இன்னும் இறுகியது. திருநாளுக்கு மாடு அறுக்கும் பட்டி ஆற்றோரம் இருந்ததால் கோட்டை ஆட்கள் எல்லோரும் அங்கே போய்விட்டார்கள். முற்றத்தில் ஓஸ்பெர்ட் மட்டும். எங்கோ ஒரு மாடு அலறி, பாதியில் நின்றது. அவன் வாசலுக்குத் திரும்பி வந்தபோது தொட்டி மறுபடியும் படியோரம் இருந்தது. நிறைய வெந்நீர். பக்கத்தில் மடித்த துணி.

கொட்டினான். உருட்டிக்கொண்டுபோய்க் கொட்டிலில் தள்ளி, மேலே ஒரு கல்லைத் தூக்கி வைத்தான். திரும்பினான்.

தொட்டி படியோரம் இருந்தது.

இந்த முறை அவன் அதைத் தொடவில்லை. சுவரில் முதுகை ஒட்டிக்கொண்டு நின்றான். ஆற்றுச் சேற்றின் நாற்றமும், நனைந்த கம்பளியின் நாற்றமும், அதற்கடியில் பழைய இரும்பின் வாடையும் கூடத்துக் கதவிடுக்கின் வழியாக மெல்லக் கசிந்து வந்தன. ஆளில்லாத கூடத்துக்குள்ளே பலகைகளை இழுத்துப் போடும் சத்தம் கேட்டது. அவசரமில்லாத சத்தம், விருந்துக்கு ஆட்கள் வருமுன் வீட்டார் இடம் ஒழுங்கு செய்வது போல. பிறகு வெறுங்கால்கள். ஈரமான வெறுங்கால்கள் கல்தரையில் ஒட்டி ஒட்டிப் பிரியும் சத்தம். ஒருவர் அல்ல. பல பேர்.

தண்ணீர் வைத்தவன்தான் வீட்டுக்காரன். அப்படியென்றால் இன்று இந்த வீடு யாருடையது?

குளம்புச் சத்தம் கேட்டதும் அவனுக்கு உயிர் வந்தது. பனியில் தடம் தெரியாமல் வேட்டையைப் பாதியில் விட்டுத் திரும்பியிருந்தார்கள். குதிரைகள் ஆற்றில் வயிறுவரை இறங்கியிருந்ததால் ஆறு பேரும் தொடைவரை நனைந்திருந்தார்கள். ஹாமோவின் உதடு நீலமாக இருந்தது. குதித்து இறங்கியவன் தொட்டியைப் பார்த்தான்.

"அட, வெந்நீரா? கிழவி வச்சாளா? ஒரு வருஷம் கழிச்சு இப்பத்தான் புத்தி வந்திருக்கு அவளுக்கு."

ஓஸ்பெர்ட் வாயைத் திறந்தான். 'காலை வைக்காதீங்க எசமான்' என்பது நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஹாமோவுக்கும் அந்த வழக்கம் தெரியுமே, சொல்லிக் கொடுத்ததே நான்தானே. ஆனால் அவனுக்கு அது காட்டுப் பயல்களை ஏமாற்றும் ஒரு தந்திரம், அவ்வளவுதான். தன் வாசலில் இருக்கும் எதுவும் தன்னுடையது என்று நினைக்கிற ஜென்மம் அது. நீ என் மண்ணு. கழுவறதுக்கே ஒண்ணும் இருக்காது.

ஓஸ்பெர்ட் வாயை மூடிக்கொண்டான்.

"என்னடா மரம் மாதிரி நிக்கிறே? வாங்கு இதை." ஹாமோ வாளை அவிழ்த்து அவன் கையில் போட்டான். பன்றி ஈட்டியையும் போட்டான். காலணிகளை இழுத்து எறிந்துவிட்டுத் தொட்டியில் காலை வைத்தான். கண்ணை மூடி ஒரு பெருமூச்சு விட்டான். அடுத்து வாரின், பிறகு வீரர்கள். ஒவ்வொருவரும் ஆயுதத்தை ஓஸ்பெர்ட்டின் கைகளில் அடுக்கினார்கள். சேறு படிந்த பன்னிரண்டு கால்கள் இறங்கி ஏறின. தண்ணீர் கலங்கவில்லை. ஆறவுமில்லை.

"யாரோ தேய்ச்சு விடுற மாதிரி இருக்குப்பா," என்றான் வாரின். "விரல் விரலா."

"குளிர்ல விறைச்சுப்போன காலுக்குச் சொரணை வருதுடா. வா உள்ள."

கதவு அவர்கள் தொடுமுன்பே திறந்தது. ஆறு பேரும் ஈரப் பாதங்களோடு உள்ளே போனார்கள். கதவு திறந்திருந்த அந்த ஒரு கணத்தில் ஓஸ்பெர்ட் உள்சுவரைப் பார்த்தான்.

பன்னிரண்டு ஆணிகள்.

பன்னிரண்டும் வெறும் ஆணிகள்.

அவனுக்குக் கையை உதறிவிட்டு ஓட வேண்டும் போலிருந்தது. ஹுனித்தை இழுத்துக்கொண்டு ஆற்றுக்கு ஓட வேண்டும், இதுதான் நேரம், துரத்த ஒருவனும் இல்லை. திரும்பினான். முற்றத்தின் நடுவில் அவள் நின்றிருந்தாள். கையில் ஒரு பழைய துணி. செருப்பை ஏற்கெனவே கழற்றியிருந்தாள்.

"ஹுனித், கிட்ட வராதே! வா, ஓடிடலாம். இப்பவே."

"நீ கவிழ்க்கக் கவிழ்க்க வச்சாங்களேய்யா. மூணு தரம். யாருக்குன்னு நினைச்சே?"

"அவனுங்களுக்கு. அந்தப் பாவிங்களுக்கு. உனக்கில்லை."

"கால் கழுவினவ நான். ஈட்டி வாங்கினவன் நீ. கதவு சாத்தினவன் மட்டும் தான் பாவியா?" அவள் படிக்கு வந்துவிட்டாள். குரலில் கோபம் இல்லை. "என் தம்பி உள்ள இருக்கான். விருந்துக்குக் கூப்பிடுறான். ஒரு வருஷம் காத்துட்டு இருந்தேன்."

அவளைப் பிடிக்க வேண்டும். கைகள் நிறைய வாள்கள், ஈட்டிகள். போட்டுவிட்டுப் பிடிக்க வேண்டும். விரல்கள் விரியவில்லை. ஈட்டித் தண்டுகளை வெளியிலிருந்து யாரோ சேர்த்து அணைத்துப் பிடித்திருப்பது போல, ஈரமான, குளிர்ந்த, கண்ணுக்குத் தெரியாத ஒரு பிடி.

ஹுனித் வெந்நீரில் காலை வைத்தாள். அவள் கால் விரல்கள் மடங்கின. கூச்சம் தாளாமல் சின்னதாகச் சிரித்தாள். காடெலின் சிரிப்பு அப்படியே.

உள்ளே போனாள். அவனைத் திரும்பிப் பார்க்கவில்லை.

தாழ் விழுந்தது.

பலகைகள் புரண்டன. ஹாமோவின் குரல். "டேய் கிழவா! கதவத் திறடா! டேய்!" பிறகு கெஞ்சல். அப்பனின் கெஞ்சலா மகனின் கெஞ்சலா என்று பிரித்தறிய முடியவில்லை. மூன்று முறை. ஓஸ்பெர்ட் காதைத் தீட்டிக்கொண்டு அவள் குரலுக்காகக் காத்தான். ஒரே ஒரு முறை கூப்பிட்டால் போதும். இந்தத் தரம் சமையற்கட்டுக் கதவுக்கு ஓடுவேன். சத்தியமாக ஓடுவேன். கூப்பிடு.

அவள் கூப்பிடவில்லை.

அமைதி.

பனிக்குள் ஆறு ஓடும் சத்தம் மட்டும். படியில் ஆறு ஜோடிக் காலணிகள் தாறுமாறாகக் கிடந்தன. முற்றத்தின் நடுவில் ஒரு ஜோடிச் செருப்பு, ஒழுங்காக, சேர்த்து வைத்தபடி.

தாழ் மெல்ல விலகியது.

கதவு ஒரு சாண் திறந்தது. உள்ளே இருட்டு. ஒருவரும் வரவில்லை. ஆனால் வாசற்கல்லில் ஓர் ஈரப் பாதம் பதிந்தது. சின்னப் பாதம். அடுத்தது. படியில் ஒன்று. கடைசிப் படியில் ஒன்று. முப்பது வருடம் அவன் வீட்டுத் தரையில் பார்த்துப் பழகிய பாதம், இடது சுண்டுவிரல் பதியாத பாதம்.

தொட்டி தானாக நகர்ந்து அவன் முன்னால் வந்து நின்றது. ஆவி ஏறியது.

அவன் காலடியில், காய்ந்த கல்லில், இரண்டு ஈர வட்டங்கள் தோன்றின. முழங்கால்கள். யாரோ மண்டியிட்டிருந்தார்கள்.

"வேண்டாம்மா," என்றான் ஓஸ்பெர்ட்.

அவன் காலணியின் முடிச்சு, மெல்ல, பழகிய கையால் அவிழ்வது போல அவிழ்ந்தது.