கடாரத்து ஆற்று முகம்

மார்கழி மாதத்து வளர்பிறைப் பதின்மூன்றாம் நாள். பொழுது சாய இரண்டு நாழிகை இருந்தது. கிழக்கே நிலவு முன்னதாகவே எழுந்துவிட்டது. கடாரத்து மலையின் நிழல் ஆற்றின் பாதியை மூடியிருக்க, மறுபாதியில் வெயிலின் கடைசிப் பொன் மிதந்தது. இரு கரைகளிலும் கண்டல் மரங்கள் வேர்களை ஊன்றி அசையாமல் நின்றன.

வாசகர்களே, இந்த ஆற்று முகம் சிறியது. ஆனால் சோழ நாட்டிலிருந்து சீனத்துக்குச் செல்லும் மரக்கலங்கள் இதன் முன்னுள்ள கடலைக் கடந்தே ஆகவேண்டும். அந்தக் கடலுக்கு வாசல் கடாரம். வாசலுக்குத் தாழ்ப்பாள், நீருக்கடியில் கிடந்த மணல் திட்டுகள். அவற்றின் நடுவே கப்பலுக்கு வழி காட்டத் தெரிந்தவர்கள் நால்வர். அவர்களில் ஒருத்தி உமையாள்.

அவள் தந்தை நாகப்பட்டினத்து மீகாமன். பல கப்பல்களைச் செலுத்தியவர். கடாரத்தில் குடியேறி அங்கேயே இறந்தார். அவருடைய படகும் தொழிலும் அவளுக்கு வந்தன. துறையின் சட்டம் ஒன்றுதான்: அயலார் எவரும் இந்த ஆற்றில் ஆழம் பார்க்கும் கல்லை இறக்கக் கூடாது. இறக்கினால் தலை போகும்.

அன்று வெளியே நங்கூரமிட்டிருந்த வணிகக் கப்பலுக்கு அவள் அழைத்துச் செல்ல வேண்டியவன் அரங்கன் என்னும் கற்பூர வணிகன். இருபது நாள் தமிழ்த் தெருவில் தங்கியிருந்தான். விடியலில் தனியே தூண்டில் போடப் போவான். ஒரு நாளும் மீன் கொண்டு வந்ததில்லை. மாலையில் அவளுடைய படகுத்துறைக்கு வந்து பேசிக்கொண்டிருப்பான்.

காவல் மேடையருகே துறைக்காவல் தலைவன் ஜயநாகன் அவன் மூட்டையை அவிழ்த்தான்.

“இருபது நாள் இருந்தீர், செட்டியாரே. வாங்கியது ஒரே ஒரு மூட்டைக் கற்பூரம். எங்கள் ஊர்ச் சோறு அவ்வளவு பிடித்துப் போயிற்றா?”

“சோறு பிடிக்கவில்லை. விலை இறங்கவில்லை.”

“விலையைக் கேட்கத்தான் இவள் படகுத்துறைக்குப் போனீரோ? நீர் நடந்து நடந்து அங்கே பாதையே விழுந்துவிட்டது.”

“ஆற்றில் நீர் இறங்குகிறது, மாமா,” என்றாள் உமையாள். “பேச்சைச் சுருக்குங்கள்.”

ஜயநாகன் சிரித்துக்கொண்டே மூட்டையின் அடியில் கைவிட்டான். துணியில் சுற்றிய கல் ஒன்று வந்தது. தேங்காய் அளவு, உச்சியில் கயிறு கட்டத் துளை. அவன் சிரிப்பு நின்றது.

“இது என்ன?”

“எடைக்கல்.”

“நீ சொல், பெண்ணே. உங்கள் நாட்டு எடைக்கல் இப்படித்தான் இருக்குமா?”

உமையாள் கல்லை வாங்கித் திருப்பினாள். அடிப்பக்கம் குழிந்திருந்தது. குழியில், அடிமண் ஒட்டி வருவதற்காகப் பூசிய கொழுப்பு; கொழுப்பில் சாம்பல் நிறச் சேறும் சிப்பித் துண்டுகளும் ஒட்டியிருந்தன. அந்தச் சேறு ஆற்றின் இரண்டாம் வளைவுக்கு அப்பால் மட்டுமே உண்டு. பெருங்கப்பல் நுழையும் ஆழமும் அங்கேதான்.

வேறு எந்த ஒற்றனும் அதைச் சுரண்டி எறிந்திருப்பான். மீகாமன் எறிய மாட்டான். கடைசியாக எடுத்த சேற்றைக் கப்பல் தலைவன் கண்ணால் கண்டு, மோந்து பார்க்கும் வரை துடைக்கலாகாது என்பது அவர்கள் வழக்கம். அவள் தந்தை உணவை மறந்ததுண்டு, இதை மறந்ததில்லை.

அரங்கன் அவளைப் பார்க்கவில்லை. ஆற்றைப் பார்த்தான்.

“எடைக்கல்தான்,” என்றாள் அவள். “அடியில் கொழுப்பு அப்பிக் கனம் கூட்டியிருக்கிறார். கள்ள எடை.”

ஜயநாகன் தொடையில் தட்டிச் சிரித்தான். “அதுதானே பார்த்தேன்! இந்த முகத்தில் வணிகக் களையே இல்லையே என்று இருபது நாளாகக் குழம்பினேன். நீ சொன்னால் சரி.” ஒரு கைப்பிடிக் கற்பூரத்தை அள்ளித் தன் மடியில் கட்டிக்கொண்டான். “இது தண்டம். போய் வாரும்.”

படகு நகர்ந்தது. காவல் மேடைக்குக் குரல் எட்டும் தூரத்திலேயே உமையாள் துடுப்பை நிறுத்தினாள்.

“யார் நீங்கள்?”

அவன் பொய் சொல்லவில்லை. “சோழ மரக்கலப் படையின் மீகாமர் தலைவன். அரங்கன் என்ற பெயர் மெய்.”

“படை எப்போது வருகிறது?”

“கோடைக் காற்று திரும்பியதும்.”

“என் படகுத்துறைக்கு வந்த மாலைகள்?”

“அவற்றுக்கு எவரும் எனக்குக் கட்டளையிடவில்லை.” அவன் அவள் பக்கம் திரும்பினான்: “கப்பலில் இடம் இருக்கிறது, உமையாள். நாகப்பட்டினம் உன் தந்தையின் ஊர்.”

“தந்தையின் ஊர். என் ஊர் இது. சற்றுமுன் என்னை நம்பினாரே, அவர் மனைவிதான் எனக்குப் பால் கொடுத்தவள். தமிழ்த் தெருவிலும் அவர்கள் தெருவிலும் ஓலைக் கூரை. ஒரு பந்தம் போதும்.” அவள் குரல் உயரவில்லை. “நான் இப்போது கூப்பிட்டால் உங்கள் தலை போகும். நீங்கள் கண்ட வழியும் உங்களோடு போகும்.”

“கூப்பிடு. நான் தடுக்க மாட்டேன்.”

மேடையில் யாரோ விளக்கேற்றினார்கள். அவள் கூப்பிடவில்லை.

“இந்த ஊரை எரிப்பதில்லை என்று ஆணையிடுங்கள்,” என்றாள்.

அரங்கன் குனிந்து இரு கைகளிலும் நீரை ஏந்தினான். மீகாமர்களுக்கு அதற்கு மேல் சத்தியம் இல்லை.

“என் மரக்கலத்திலிருந்து ஒரு பந்தமும் இந்தக் கரையில் விழாது. விழுந்தால், அன்றோடு நான் கப்பல் ஏறேன்.”

நீர் விரல்களின் வழியே வடிந்தது. அவள் துடுப்பை எடுத்தாள். இரண்டாம் வளைவையும் மணல் திட்டுகளையும் கடந்து படகு கப்பலின் அருகே போயிற்று. கயிற்றேணி இறங்கியது. அவன் ஏறி, பாதியில் நின்று, கையை நீட்டினான். அவள் அதைப் பற்றவில்லை.

“எத்தனை மரக்கலங்கள் வருகின்றன?”

“நூற்றுக்கு மேல்.”

“உங்களுடையது ஒன்று,” என்றாள் உமையாள். “மற்றவற்றுக்காக யார் ஆணையிடுவார்கள்?”