மூன்றாம் மாடியில் நிற்கும் காலடி

ஏதென்ஸ் நகரத்து மதிய உறக்க நேரம். தெரு முழுக்கச் சன்னல்கள் அடைபட்டு, பூனைகள்கூடக் கார்களுக்கு அடியில் கண்ணயர்ந்திருந்த அந்த வேளையில், பளிங்குப் படிகளில் ஈரக்கால்கள் சப்சப்பென்று ஏறிவரும் ஓசை எவாந்தியாவுக்கு இன்றும் கேட்டது. மழை பெய்து மாதக்கணக்காகிறது. ஓசை மூன்றாம் மாடிக்கு வந்து, அவள் கதவுக்கு வெளியே நின்றது. கதவிடுக்கு வழியாக உப்பும் பாசியும் கலந்த வாடை உள்ளே பரவியது.

பயமாக இருந்தது. பயத்தைவிட ஆசை பெரிதாக இருந்தது.

தொலைக்காட்சித் துப்பறியும் தொடர்களுக்குக் கதை எழுதியே தலை நரைத்தவள் அவள். எத்தனையோ பிணங்களை அலட்டிக்கொள்ளாமல் எழுதித் தள்ளிய கை, ஏகினா தீவுக்குப் போகும் கப்பலிலிருந்து மகள் மிர்தோ கடலில் விழுந்து, உடல்கூடக் கிடைக்காமல் போனபின் முடங்கிவிட்டது. பிறகு ஒரு புதுத்தொடரில், காணாமல் போன பெண்ணொருத்திக்கு மகளின் நடை, பேச்சு, பிடிவாதம் எல்லாவற்றையும் கொடுத்தாள். அன்றிலிருந்துதான் இந்தக் காலடி. கதவைத் திறந்தால் ஈரத்தடம் மட்டும் இருக்கும்.

கைப்பேசி அதிர்ந்தது. இயக்குநர் பாண்டெலிஸ்.

"அக்கா, கடைசி எபிசோட் எங்க? பொண்ணோட பொணம் கிடைக்கிற சீனுக்கு எல்லாரும் துறைமுகத்துல காத்துக்கிட்டிருக்காங்க."

"பொணம் கிடைக்காது. அவ உயிரோட வீட்டுக்கு வர்றா."

"இது கொலைக்கதையா, ஈஸ்டர் வாழ்த்தா?" என்றவனின் குரல் சட்டென்று தணிந்தது. "மிர்தோ இனி வரமாட்டாக்கா. மனசைத் தேத்திக்குங்க."

துண்டித்துவிட்டு எழுத உட்கார்ந்தாள். பிணத்தை எழுதினால் இந்தக் காலடியும் நின்றுவிடும். இன்னொரு முறை பறிகொடுக்க அவளுக்குத் தெம்பில்லை.

தொழில் பழக்கத்தில் விரல்கள் தாமாக ஓடின. கதவு திறக்கிறது. பெண் உள்ளே வருகிறாள். வயது பத்தொன்பது. நனைந்த தலை. மஞ்சள் சட்டை. முகத்தைப் பற்றி ஒரு சொல் இல்லை. முகம் நடிகையுடையது; அதை எழுதுவது அந்தத் தொழிலில் வழக்கமில்லை.

கதவு திறந்தது.

மஞ்சள் சட்டை. சொட்டும் நீர்.

"அம்மா." மிர்தோவின் குரலேதான்.

எவாந்தியா அழுதபடி ஓடி அந்த ஈர முடியை விலக்கினாள். நெற்றியிலிருந்து தாடை வரை வெறும் தோல். கண் இல்லை. வாய் இல்லை.

"என் மொகம் எங்கம்மா?"

குளிர்ந்த கைகள் எழும்பி எவாந்தியாவின் கன்னத்தைத் தடவின.

"நான் அப்படியே உன் சாடைன்னுதானே எல்லாரும் சொல்வாங்க?"

விரல்கள் அவள் கண்ணோரங்களுக்கு வந்து மெல்ல அழுத்தின. எவாந்தியா விலகவில்லை.