வாபஸ் வாங்கினால் மையத்து!

ட்ரிங்... ட்ரிங்...!

காலை எட்டரை. சாய்ந்தமருதில் தன் வீட்டில், கல்முனையில் சட்டத்தரணியைப் பார்க்கப் புறப்பட அபாயாவை மாட்டிக்கொண்டிருந்தாள் மர்ஷூதா.

தெரியாத இலக்கம்.

"ஹலோ?"

"வழக்க வாபஸ் வாங்கினா... நீ மையத்து!"

துணியால் வாயைப் பொத்திய குரல்.

"வாங்கினாவா... வாங்காட்டியா?"

"வாங்கினா! காது கேக்காதா?"

வாபஸ் வாங்கினால் பிணமா? பல்கலைக்கழகத்துக்கு எதிராக வழக்குப் போட்டவளை 'வாபஸ் வாங்கு' என்றுதானே மிரட்டுவார்கள்? இதென்ன தலைகீழ்!

பதிவாளர் பதவிக்கான நேர்முகத்தில் முறைகேடு என்று மூன்று வருடத்துக்கு முன் போட்ட மனு அது. இப்போது பல்கலைக்கழகமே இறங்கி வந்திருந்தது. மனுவை வாபஸ் வாங்குங்கள், புது நேர்முகம் வைக்கிறோம் என்று. வயதெல்லை நாற்பத்தைந்து. அவளுக்கு மிச்சம் பத்தொன்பதே நாள்!

"ஆரு கதைக்கிற?"

அங்கே பின்னால் ஒரு மெட்டு மட்டும்... பேக்கரிப் பாண் விற்கும் ஓட்டோவின் பாட்டு. நடுவில் விக்கி, திரும்பவும் முதலிலிருந்து...

டொக்! இணைப்பு அறுந்தது.

மூன்றே நிமிடம். அதே விக்கல் பாட்டு அவள் கேற்றடியில்!

ஓடிப்போய் பாண் ஓட்டோவை மறித்தாள்.

"சீனித்தம்பியண்ணே! இப்ப எங்க நிண்டு வாறீங்க?"

"பின் ஒழுங்கையில, ஜவாத் சேர்ட வாசல்ல. மாலுபாண் மூணு எடுத்தாரு. ஒரு கையில போன், மத்தக் கையில லேஞ்சி. வாயப் பொத்திக்கிட்டு நிண்டாரு... தடிமனாக்கும்!"

ஜவாத் சேர்!

'பின்வாங்காத தங்கச்சி, போராடு' என்று மூன்று வருடமாக உசுப்பேற்றிய அதே ஜவாத். வழக்கு முடியும்வரை அவர்தான் பதில் பதிவாளர். கதிரை அவருக்கு... வாகனமும் அவருக்கு!

ஆனாலும் பஸ் ஏறினாள்.

கல்முனை. சட்டத்தரணி நாச்சியாவின் அலுவலகம். வாசலில் பல்கலைக்கழக வாகனம். உள்ளே... ஜவாத்!

"வாங்க தங்கச்சி. வாபஸாமே? நல்லா யோசிங்க. காலம் கெட்டுக் கிடக்கு... உசிருக்கு ஒண்டு ஆனா?"

"மாலுபாண் எப்பிடி சேர்? ருசியா?"

அவர் முகம் கோதுமை மாவாக வெளுத்தது.

"எ... என்ன மாலுபாண்?"

"என்னய மையத்தாக்கிட்டுத் தின்ன இருந்த மாலுபாண்!"

துள்ளி எழுந்தார்.

"சாட்சி இரிக்கா? இண்டைக்கு நீ கையெழுத்து வெச்சாப் பாரு!"

"கையெழுத்தா?" நாச்சியா சிரித்தாள். "அது போன கிழமையே வெச்சாச்சி, சேர். கொழும்புக் கோட்டுல நேத்தே மனுவ விசாரணைக்கு எடுத்தாங்க. வாபஸுக்கு அனுமதியும் குடுத்திட்டாங்க. எனக்கே இப்பதான் தகவல் வந்த."

"அல்லாஹ்வே... நேத்தா, மிஸ்?" மர்ஷூதாவுக்கே அது புதுச் செய்தி.

"ஓம். அப்ப சேரும் நேத்தோட பதில் பதிவாளர் இல்ல!"

ஜவாத் வாகனச் சாவியோடு மெல்ல வாசல் பக்கம் நழுவினார்.

வெளியே... அந்த விக்கல் பாட்டு!

"சேர்! வாகனத்துட திறப்ப மேசையில வெச்சிட்டுப் போங்க," என்றாள் மர்ஷூதா. "சீனித்தம்பியண்ணன் வந்திட்டாரு. பாட்டோட வீட்ட போகலாம்!"