முதல் அழைப்பிலேயே தேநீர் குடித்தவன்

அயர்லாந்தின் மேயோ பகுதிச் சதுப்பில் மழை தூறிக்கொண்டிருந்தது. குளிருக்கு எரிக்கிற கரிய மண்ணைக் கட்டி கட்டியாக வெட்டிக் கரையில் அடுக்கிக்கொண்டிருந்தாள் டெர்வ்லா. நிமிர்ந்தபோது மேலே ஒருவன் கேமராவோடு நின்றான். சாம்பல் நிறக் கண்கள்... மழைக்குக்கூட இமைக்காத கண்கள்.

"யாரக் கேட்டு என்னைப் படம் எடுக்கிறீங்க?"

டிவிக்காரனாம். பெயர் ஃபின்பார். அயர்லாந்து எப்படி மாறுகிறது என்று ஒரு தொடர் எடுக்க டப்ளினிலிருந்து வந்திருக்கிறானாம். அவள் நம்பவில்லை. சதுப்பைக் காக்க இங்கே மண் வெட்டக்கூடாது என்று அரசுத் தடை வந்ததிலிருந்து, பறவை பார்க்க வருகிறவன்கூட உளவு பார்க்கத்தான் வருகிறான். இந்த மண் இல்லாவிட்டால் நெஞ்சுச் சளிக்கார அப்பா குளிர்காலத்தை எப்படித் தாண்டுவார்?

சோதித்துப் பார்ப்போம் என்று பிளாஸ்க்கைத் திறந்து, தேநீர் வேண்டுமா என்றாள். ஊர்ப்பக்கத்து ஆள் என்றால் இரண்டு முறை வேண்டாம் என்பான். மூன்றாவது முறைதான் வாங்குவான். இவனோ உடனே கையை நீட்டினான்!

கேட்டதும் கிடைத்துப் பழகிய கை. அதிகாரியேதான்... சந்தேகமே இல்லை. ஆனால் கோப்பையை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு அவன் நடுங்கியபோது, சால்வையைக் கொடுக்கலாமா என்று... சே, என்ன நினைப்பு இது.

இலையுதிர் காலத்தில், ஒளிபரப்புக்கு முன்பு அந்தத் தொடரை ஊர் மண்டபத்தில் போட்டுக் காட்டினார்கள். டெர்வ்லா கதவோரமாக உட்கார்ந்தாள். அவள் முகம் வந்தால் போதும், வழக்கு நிச்சயம். ஆளில்லாத சர்ச் வந்தது. பூட்டிய மதுக்கடை வந்தது. ஊர் அணியில் பந்து உதைக்கும், பிரேசிலிலிருந்து குடியேறிய பிள்ளைகள் வந்தார்கள். மழையில் சதுப்பும் வந்தது... அதில் அவள் இல்லை.

நல்ல காட்சி ஒன்றை அழித்துவிட்டானென்று தயாரிப்பாளர் ஃபின்பாரை வேலையைவிட்டு அனுப்பிவிட்டதாகப் பக்கத்தில் பேசிக்கொண்டார்கள். அவள் எழுந்து வெளியே போனாள். ஃபின்பார் மழையில் தனியாக நின்றான்.

"நான் ஏன் படத்துல இல்ல?"

"தடை இருக்குன்னு அப்புறம்தான் தெரிஞ்சுது. அதைப் போட்டுட்டு மறுபடி உங்க முகத்துல எப்படி முழிக்கிறது?"

"மறுபடி எதுக்கு முழிக்கணும்?"

அவன் காது சிவந்தது. "பார்த்த அன்னைக்கே பிடிச்சுப்போச்சு... அதான்."

அந்தக் கண்களில் எங்காவது பொய் இருக்கிறதா என்று வெகுநேரம் தேடினாள்.

"நான் இன்னும் உங்களை முழுசா நம்பல," என்றாள். "ஆனா நாளைக்கு நீங்க டப்ளின் பஸ் ஏறிட்டா... எனக்கு அழுகை வரும். சொல்லிட்டேன்."