துணைக்கழிவு

தீர்ப்பு வந்த அன்று மதுரை நீதிமன்ற வாசலில் முத்துநாச்சிக்கு மாலை போட்டார்கள். சமன்பொறியை எதிர்த்து வழக்காடி ஜெயித்த முதல் ஆள் அவள்தான்.

அரசு வேலைக்கு ஆள் எடுப்பது சமன்பொறியின் கைக்குப் போய் வெகுகாலமாகிவிட்டது. தேர்வில் வாங்கிய மதிப்பெண்ணை அது அப்படியே ஏற்காது. வீட்டு வருமானம், படித்த பள்ளி என்று பார்த்து, வசதியால் வந்த பங்கைக் கழித்துவிட்டு மிச்சத்தைத்தான் சொந்தத் திறமை என்று கொள்ளும். முத்துநாச்சியை முந்தி வேலை வாங்கியவனும் அவளைப் போல ஏழைதான். ஆனால் அவனுடைய தாய்மாமன் ஒரு பேராசிரியர். தினமும் பக்கத்தில் உட்காரவைத்துச் சொல்லிக்கொடுத்தவர். பணத்தைக் கழிக்கிற பொறி மாமனை ஏன் கழிக்கவில்லை என்பதுதான் அவள் கேட்ட கேள்வி. நியாயம்தான் என்றார்கள் நீதிபதிகள். இனி மனிதர் தந்த துணையையும் கழிக்க உத்தரவானது. யார் யாரோடு இருந்தார், என்ன பேசினார் என்பதெல்லாம் ஒவ்வொருவர் மணிக்கட்டிலும் இருந்த அடையாளப்பட்டையில் ஏற்கெனவே பதிவாகியிருந்தது.

புதிய முடிவு வந்தபோது அவள் முன்பைவிடக் கீழே இருந்தாள். காரணம் பிலோமினா.

பிலோமினா அவளுடைய அறைத்தோழி. ஓட்டலில் வேலை பார்த்துவிட்டு வந்து, சோறு பிசைந்துகொண்டே அவளிடம் கேள்வி கேட்பாள். தப்பாகச் சொன்னால் அப்பளம் கிடையாது. அழுதால் தலையைத் தடவிவிடுவாள். பொறி அத்தனையையும் எடை போட்டிருந்தது. மாமன் தந்ததைவிட அது கனமாக இருந்தது.

"அப்பளத்தக்கூடவாடி கழிச்சிருக்கான்?" என்று பிலோமினா சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்தினாள். "உறவு விலக்குன்னு ஒண்ணு வந்திருக்காம்ல. எழுதிக் குடுத்துட்டுப் பிரிஞ்சு இருந்தா, கழிவு கொஞ்சம் கொஞ்சமாக் கரைஞ்சிருமாம்."

"அதெல்லாம் வேண்டாம், பிலோ."

"எனக்காகவா கேஸ் போட்ட? வேலைக்காகத்தானே?"

பிலோமினா தன் ஊரான காரைக்காலுக்குக் கிளம்பியபோது முத்துநாச்சி பெட்டியைத் தூக்கிக்கொண்டு பேருந்து வரை போனாள். இரு என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

அடுத்தடுத்த வருடங்களில் ஊரெங்கும் அறைகள் ஒற்றைக் கட்டில் அறைகளாயின. நூலகத்தில் பக்கத்து நாற்காலியில் யாரும் உட்காரவில்லை. அம்மாக்கள் பிள்ளைகளைப் படிக்க எழுப்பிவிடுவதை நிறுத்தினார்கள். முத்துநாச்சி தனியாகப் படித்து, தனியாகச் சாப்பிட்டு, மூன்றாம் முறை தேறினாள். சேதி சொல்லக் காரைக்காலுக்கு அழைத்தாள்.

"சந்தோஷம்டி. ஆனா பதவி உயர்வுக்கும் அதே பொறிதானாமே. போன வையி" என்றாள் பிலோமினா. அவள் குரலைக் கேட்டது அதுதான் கடைசி.

கிடைத்த பதவி, துணை ஆய்வாளர். உறவு விலக்குக்கு விண்ணப்பித்தவர்கள் மெய்யாகவே தனியாக இருக்கிறார்களா என்று வீடு வீடாகப் போய்ப் பார்க்க வேண்டும்.

ஒரு நாள் மத்தியானம் செல்லூரில் ஒரு மாடியறைக் கதவைத் தட்டினாள். உள்ளே வரச் சொல்லி பலவீனமாக ஒரு குரல் கேட்டது. யாழினி என்ற பெண் பாயில் சுருண்டு கிடந்தாள். காய்ச்சலில் முகம் சிவந்திருந்தது. உதடு வெடித்திருந்தது.

"யாரும் இல்லையாம்மா?"

"இல்ல மேடம். நல்லாப் பாத்துக்கங்க. யாருமே இல்ல." அதைச் சொல்லும்போது அவள் முகத்தில் ஒரு பெருமை வந்துபோனது.

முத்துநாச்சி குடத்திலிருந்து தண்ணீர் மொண்டு அவள் வாயருகே கொண்டுபோனாள். அந்தப் பெண் பதறிப்போய் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"ஐயோ, வேண்டாம் மேடம். நீங்க குடுத்தாக் கழிச்சிருவாங்க. இந்தத் தடவை எனக்குக் கடைசி வாய்ப்பு."

"தண்ணிதானேம்மா."

"அங்கயே கீழ வச்சிட்டு வெளிய போயிருங்க, மேடம். நானே எடுத்துக்கிறேன்."

முத்துநாச்சி தம்ளரைத் தரையில் வைத்துவிட்டு வெளியே வந்தாள். கதவைச் சாத்தினாள். உள்ளே பாய் உரசும் சத்தம் கேட்டது, நின்றது, மறுபடியும் கேட்டது. கதவில் காதை வைத்துக்கொண்டு, தம்ளர் நகரும் ஓசைக்காக அவள் காத்திருந்தாள்.