பதினாறு நாள் முந்தி ஒரு ஞானஸ்நானம்

1974 மார்ச் 9. அயர்லாந்து, கிளேர் மாவட்டம். எழுபத்தொன்பது வயது மார்ட்டி ஹெஹிர் தன் வீட்டு மாடிப்படியின் கீழே இறந்து கிடந்தார். பின்மண்டையில் அடி. விழுந்ததால் வந்த அடி அல்ல.

மறுநாள் மாலை, கூடத்தின் நடுவே சவப்பெட்டி. சுற்றிலும், அந்த ஊர்த் துக்க வழக்கப்படி, தேநீரும் பன்றி இறைச்சி சாண்ட்விச்சுமாக ஊரே உட்கார்ந்திருந்தது.

கதவு படீரென்று திறந்தது!

டப்ளினிலிருந்து வந்திருந்த இன்ஸ்பெக்டர் லாலர், நேராக ஓர் அமெரிக்க இளைஞனிடம் போனார்.

"ரஸ்ஸல் ஹெஹிர்... கையை நீட்டு!"

க்ளிக். விலங்கு.

"சார்! எங்க குடும்பப் பதிவைத் தேடி வந்தவன் சார் நான்!"

"தேடினியா, தயாரிச்சியா? செத்தவரோட அண்ணன் பேரன்னு சொல்லி வந்தே. நிலத்துக்காகக் கொன்னே. நீ காட்டின ரெண்டு காகிதமும் போலி!" லாலர் நகல்களை உயர்த்திப் பிடித்தார். "அரசாங்கப் பதிவுல உன் தாத்தா பிறந்தது 1891 மார்ச் 19. சர்ச் பதிவுல ஞானஸ்நானம் மார்ச் 3. பிறக்கிறதுக்குப் பதினாறு நாள் முன்னாடியே ஞானஸ்நானமா?"



களுக்கென்று ஒரு சிரிப்பு. பக்கத்து வீட்டு நோரா.

"இன்ஸ்பெக்டரய்யா, எங்கம்மாவும் அப்படித்தான்! அந்தக் காலத்துல பிள்ளை பிறந்ததைத் தாமதமாப் பதிஞ்சா அபராதம். அதனால பிறந்த தேதியைத் தள்ளிச் சொல்லிடுவாங்க. பாதிரியார் மட்டும் உள்ளதை எழுதுவார்."

"எங்கப்பாவும்!"

"டப்ளின்ல எல்லாரும் நாள் பார்த்துத்தான் பிறப்பாங்களோ?"

வெடிச்சிரிப்பு. அதுவும் பிணத்தின் முன்னால்!

லாலரின் காதுமடல்கள் சிவந்தன. ரஸ்ஸலின் முகத்தை அவரால் பார்க்க முடியவில்லை. துக்க வீட்டில், துக்கத்துக்கு வந்தவன் கையில் விலங்கு... ஊர் பார்க்க அவரே மாட்டியது. சாவியை எடுத்து விலங்கைக் கழற்றினார்.

"இது... இந்த ஊர்ல எல்லாருக்கும் தெரியுமா?"

"தொட்டில் குழந்தைக்குக்கூடத் தெரியும்!" என்றாள் நோரா.

லாலர் மெல்ல நிமிர்ந்தார்.

"அப்போ... இன்னிக்குக் காலையில என்கிட்ட வந்து, தேதியைப் பாருங்க, போலின்னு சொன்னவருக்கு மட்டும் ஏன் தெரியலை?"

சிரிப்பு நின்றது.

அவர் பார்வை மூலைக்குப் போனது. மார்ட்டியின் சித்தப்பா பேரன் மலாக்கி, இதே ஊரில் பிறந்து வளர்ந்தவன். ரஸ்ஸல் இல்லையென்றால் நிலம் அவனுக்கு.

மலாக்கி தேநீர்க் கோப்பையை வைத்துவிட்டுக் கதவுப் பக்கம் நகர்ந்தான்.

அவன் மாட்டுக்கொட்டகையில் ஒரு கோடரி கிடைத்தது. காம்பில் மார்ட்டியின் நரைமுடி. மலாக்கி ஒப்புக்கொண்டான்.

"மன்னிச்சிடுங்க..." தரையைப் பார்த்தபடி சொன்னார் லாலர்.

ரஸ்ஸல் மணிக்கட்டைத் தேய்த்துக்கொண்டான்.

"பரவாயில்லை சார். எங்க தாத்தாவுக்குப் பிறக்கிறதுக்கு முன்னாடியே ஞானஸ்நானம். எனக்கு விசாரிக்கிறதுக்கு முன்னாடியே விலங்கு. குடும்ப வழக்கம்!"