திரும்பி ஓடிய குதிரை

அம்மா கொடியை உதறி மேசைமேல் விரித்தார். இஸ்திரிப் பெட்டியை எடுக்கக் கை நீட்டினார். நீட்டிய கை அப்படியே அந்தரத்தில் நின்றுவிட்டது.

"ஐயோ!"

ஊசி குத்தினால் அம்மா சொல்லும் ஐயோ வேறு. பால் பொங்கி வழிந்தால் சொல்லும் ஐயோ வேறு. இது இரண்டும் இல்லை. இதைக் கேட்டதும் குண்டூசி வாயிலிருந்த ரொட்டியை மெல்லாமலே விழுங்கிவிட்டாள்.

குண்டூசிக்குப் பத்து வயது. ஒல்லியாக இருப்பாள், அடிக்கடி காணாமல் போவாள். அதனால் அம்மா வைத்த பெயர் அது. அம்மா கொடி தைப்பவர். வீட்டின் முன்னறைதான் அவருடைய கடை. அங்கே இரண்டு தையல் இயந்திரங்கள், ஒரு நீள மேசை, சுவர் நிறைய நூல்கண்டுகள்.

இன்றைய கொடி தீயணைப்பு நிலையத்துக்கு. நிலையம் தொடங்கி நூறு வருடம் ஆகிவிட்டது. பத்து மணிக்கு ஊர்வலம். கொடியின் சிவப்பு, நெருப்புக்கு. கீழே நெளியும் நீல அலை, தண்ணீருக்கு. நடுவில் பாய்கிறது ஒரு வெள்ளைக் குதிரை. அந்தக் காலத்தில் தண்ணீர் வண்டியைக் குதிரைகள்தான் இழுத்தன.

"என்னம்மா ஆச்சு?"

"குதிரை எந்தப் பக்கம் பாக்குதுன்னு பாரு."

குண்டூசி எட்டிப் பார்த்தாள். கொடியின் இடது ஓரத்தில் கம்பு நுழைக்கும் உறை. அதன் பக்கம் குதிரையின் வால் இருந்தது. மூக்கு எதிர்ப்பக்கம்.

"எந்தப் பக்கம் பாத்தா என்னம்மா? குதிரை குதிரைதானே?" என்றது ஒரு குரல்.

வாசலில் நிலைய அதிகாரி நின்றிருந்தார். தேய்த்த சீருடை, துடைத்த பொத்தான்கள், முறுக்கிய மீசை. கொடியை வாங்க அவரே வந்துவிட்டார். கடிகாரம் ஒன்பதைத் தாண்டியிருந்தது.

அம்மா கொடியைக் காட்டினார். "ஐயா, அந்தக் காலத்துல போருக்குப் போறவங்க இரும்புக் கவசத்தால முகத்தை மூடிக்குவாங்க. யாரு எவருன்னு தெரியாது. அதனால சிங்கம், கழுகுன்னு கேடயத்துலயும் கொடியிலயும் வரைஞ்சு வெச்சாங்க. கொடி போகும்போது கம்பு முன்னாடி போகும், துணி பின்னாடி பறக்கும். அதனால மிருகத்தோட மூஞ்சி கம்பைப் பாத்து இருக்கணும். அப்பதான் அது முன்னேறிப் போகுதுன்னு அர்த்தம்."

"இல்லேன்னா?"

"பயந்து ஓடுதுன்னு அர்த்தம்."

அதிகாரியின் மீசை ஒரு பக்கம் இறங்கியது. "தீயணைப்புக் குதிரை... தீயைப் பாத்து ஓடுதா?"

அம்மா தலையாட்டினார்.

"நூறு வருஷம் கழிச்சு இப்பதான் ஓடணுமா அதுக்கு!" அவர் முக்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். முக்காலியில் இருந்த ஊசித் தலையணை அவரை உடனே எழுப்பிவிட்டது.

சிரிக்க வேண்டிய இடம்தான். ஆனால் அம்மா சிரிக்கவில்லை. மூலையில் நின்ற தையல் அக்காவைப் பார்த்தார். அக்கா வேலைக்கு வந்து ஒரு வாரம்தான் ஆகிறது.

"குதிரையை வெட்டினது நீதானே?"

"ஆமாங்க."

"துணியோட பின்பக்கம் வரையும்போது அட்டையைக் கவிழ்த்து வெக்கணும்னு சொன்னேனா இல்லையா?"

"சொன்னீங்க."

குண்டூசிக்குக் காது இரண்டும் சூடாகிவிட்டது. நேற்று மாலை அக்கா நூல் வாங்கப் போயிருந்தாள். அட்டையில் வெட்டிய குதிரை மேசையில் இருந்தது. பக்கத்தில் வெள்ளைத் துணி. சுண்ணக்கட்டிக் கோடு முன்பக்கம் தெரியக் கூடாது என்று குண்டூசிக்குத் தெரியும். அதனால் துணியின் பின்பக்கம்தான் வரைந்தாள். வால் முடி ஒன்றுகூடப் பிசகவில்லை. ஆனால் அட்டையை அவள் கவிழ்க்கவில்லை. துணியைத் திருப்பினால் குதிரையும் திரும்பிவிடும் என்று அவளுக்குத் தோன்றவேயில்லை.

அக்கா இவளைப் பார்த்தாள். தலையை மெல்ல, மிக மெல்ல ஆட்டினாள். 'சொல்லாதே' என்று அர்த்தம்.

குண்டூசி திகைத்துப் போனாள். அக்காவுக்குத் தெரியும்! தெரிந்தும் வாயைத் திறக்கவில்லை!

"ஒரு வாரத்துல இந்தக் கூத்துன்னா நான் எப்படிம்மா உன்னை நம்புறது? நாளையிலேருந்து நீ வர..."

"நான்தான் வரைஞ்சேன்!"

குண்டூசி மெதுவாகத்தான் சொல்ல நினைத்தாள். குரல் பீரங்கி மாதிரி வெளியே வந்தது. அதிகாரிகூட விறைப்பாக நின்றுவிட்டார்.

அம்மா மகளைப் பார்த்தார். அக்காவைப் பார்த்தார். "நீ ஏன்டி சொல்லல?"

"அவ சின்னப் புள்ளைங்க. வெட்டும்போது நானாவது பாத்திருக்கணும், பாக்கல."

"அப்ப நானும்தான் பாக்கல. உறையைத் தைச்சது நான்தானே?" அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டார். "வாயில வந்ததைச் சொல்லிட்டேன். மனசுல வெச்சுக்காதே. நாளைக்கு வா. எப்பவும் போல வா."

"எல்லாம் சரி, என் குதிரைக்கு என்ன வழி?" என்றார் அதிகாரி.

அக்கா சின்னப் பிளேடை எடுத்தாள். "குதிரையைப் பிரிச்சுத் திருப்பித் தைச்சா?"

"பிரிச்சா ஓட்டைதான் மிஞ்சும்," என்றார் அம்மா. "ரெண்டு பக்கமும் குதிரை தெரியணும்னு பின்னாடி இருக்குற சிவப்புத் துணியை அப்பவே வெட்டி எடுத்தாச்சே. குதிரை உருவத்துலயே ஓட்டை விழும்."

அம்மாவும் அக்காவும் கொடியை ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கினார்கள். முகத்தைக் காட்டப் பிடிக்காமல் குண்டூசி கொடிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டாள். அங்கிருந்தும் குதிரை தெரிந்தது. அங்கேயும் அது உறையை விட்டு ஓடிக்கொண்டுதான் இருந்தது. அதன் மூக்குக்கு முன்னால் வெறும் ஓரம்.

வெறும் ஓரம்.

"அம்மா," என்றாள் கொடிக்குப் பின்னாலிருந்து. "குதிரையைத் திருப்ப முடியாது. கம்பை மாத்த முடியுமில்ல?"

"என்னது?"

"உறையை மட்டும் பிரிச்சு இந்த ஓரத்துல தைச்சிட்டா? குதிரை அங்கேயே நிக்கட்டும். கம்பு அதோட மூக்குக்கு முன்னாடி வந்துடும்."

அம்மா கொடியைப் பார்த்தார். விரலால் அந்த வெறும் ஓரத்தைத் தடவினார்.

"துணியோட பளபளப்பான முன்பக்கம் தெருவோட அந்தப் பக்கத்துக்காரங்களுக்குத் தெரியும், அவ்வளவுதான்," என்றாள் அக்கா மெதுவாக.

"தெரிஞ்சிட்டுப் போகட்டும்! பிரி, பிரி!"

அக்கா பிளேடால் தையலைப் பிரித்தாள். குண்டூசி நூல் துணுக்குகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கினாள். அம்மா இயந்திரத்தை ஓட்டிய வேகத்தில் மேசையிலிருந்த கத்தரிக்கோல் துள்ளியது. அதிகாரி குறுக்கும் நெடுக்கும் நடந்தார். அந்த முக்காலியில் அவர் மறுபடி உட்காரவில்லை.

ஒன்பதே முக்காலுக்கு எல்லோரும் நிலையத்துக்கு ஓடினார்கள். சுருட்டிய குழாய்கள், வரிசையாகக் காலணிகள், பளபளக்கும் சிவப்பு வண்டி. கம்பு அதிகாரியின் அறையில் இருந்தது. கொடியை மாட்டியதும் குதிரை கம்பை நோக்கிப் பாய்ந்தது. வீரர்கள் கைதட்டினார்கள்.

அதிகாரி மட்டும் தட்டவில்லை. அவர் தன் நாற்காலிக்கு மேலே, சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். முகம் வெளிறிவிட்டது.

சுவரில் நிலையத்தின் பழைய கொடி ஆணியில் தொங்கியது. அதே சிவப்பு, அதே அலை, அதே குதிரை. இடது ஓரத்தில் உறை. குதிரையின் வால் உறையின் பக்கம்!

"ஐயா, இது நீங்க வேலைக்குச் சேர்ந்த வருஷம்..." என்று ஒரு வீரர் இழுத்தார்.

"உறை கிழிஞ்சு கழண்டு வந்துடுச்சு," என்றார் அதிகாரி. "தைச்சு மாட்டினாங்க. வர்றவங்க போறவங்களுக்கெல்லாம் காட்டி, நல்லா தைச்சிருக்கு பாருங்கன்னு சொல்லிட்டு இருக்கேன்."

"யாருங்க தைச்சது?" என்று கேட்டாள் குண்டூசி.

வீரர்கள் எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். அதிகாரி குண்டூசியைப் பார்த்தார். பிறகு நெஞ்சை நிமிர்த்தினார்.

"நான்தான் தைச்சேன்!"

இந்த முறை ஜன்னல் கண்ணாடியே அதிர்ந்தது. முதலில் சிரித்தது அவர்தான்.

உடனே ஏணி வந்தது. பழைய கொடி கீழே இறங்கியது. பத்து மணிக்கு மணி அடித்தது. புதுக் குதிரை ஊர்வலத்தின் முன்னால் பாய்ந்து போனது. தெருவின் இரண்டு பக்கமும் ஒரே கூச்சல்.

ஊர்வலத்தின் கடைசியில் குண்டூசி நடந்தாள். பழைய கொடி அவள் கைகளில் சுருண்டு கிடந்தது. சாயங்காலம் அம்மாவின் மேசையில் அதற்கும் வேலை இருந்தது.

"பாத்துத் தூக்கிட்டு வாம்மா," என்று முன்னாலிருந்து திரும்பிக் கத்தினார் அதிகாரி. "முப்பது வருஷமா ஓடுன குதிரை. ரொம்பக் களைச்சுப் போயிருக்கும்!"